எட்டு டிராக்

போன மாதம் ஒரு விளம்பரத்துக்கு மிக்ஸிங் செய்யச் சொல்லி ஃபைல் வந்தது. முப்பது விநாடி விளம்பரம். திறந்தால் 127 டிராக், ஒவ்வொன்றும் தனியாகப் பதிந்த ஒலி, நான் கலந்து ஒன்றாக்க வேண்டியவை. அதில் பேஸ் என்கிற கீழ்ச்சுருதி ஒலி மட்டும் மூன்று, மூன்றும் கிட்டத்தட்ட ஒரே மாதிரி. இசையமைத்த தம்பிக்குப் போன் போட்டு எதை வைத்துக்கொள்ளட்டும் என்று கேட்டேன். "மூணும் இருக்கட்டும்ணே, அப்புறம் பாத்துக்கலாம்" என்றார். இத்தனை வருட ஒலிப்பதிவு வேலையில் நான் அதிகம் கேட்ட வாக்கியம் இந்த 'அப்புறம் பாத்துக்கலாம்'தான்.

எரிச்சலாக இருந்தால் நான் போட்டுக் கேட்பது ழான்-மிஷெல் ழாரின் 'ஆக்சிஜன்'. பிரெஞ்சுக்காரர், 1976இல் செய்த ஆல்பம். முதலில் பிடித்துக் கேட்டேன், பிறகு அதை எப்படிப் பதிவு செய்தார்கள் என்று படிக்கப் போய், இப்போதெல்லாம் கொஞ்சம் பொறாமையோடு கேட்கிறேன்.

பாரிஸில் தன் வீட்டிலேயே, சமையலறையை ஒட்டி ஒதுக்கிக்கொண்ட இடத்தில் அதைச் செய்தார். ஸ்கல்லி டேப் ரெக்கார்டர் ஒன்று, மொத்தம் எட்டு டிராக். எட்டும் நிறைந்துவிட்டால் நாலைந்தை ஒன்றாகக் கலந்து ஒரே டிராக்கில் இறக்கிவிட்டு, பழையதை அழித்தால்தான் புதிதாக ஏதாவது பதிய முடியும். இறக்கிய பிறகு அதில் ஆர்கன் கொஞ்சம் தூக்கலாக இருக்கிறதே என்று பட்டால் ஒன்றும் செய்வதற்கில்லை, அப்படியே ஏற்றுக்கொண்டு மேலே போக வேண்டியதுதான். அன்டூ கிடையாது.

கருவிகளும் விரல்விட்டு எண்ணக்கூடியவைதான். அலையும் காற்றும் எழுப்ப விசிஎஸ்3 என்ற சிந்தசைசர் (மின்சாரத்தால் ஒலி உண்டாக்கும் கருவி), அதே வகையில் ஏஆர்பி 2600, அப்புறம் எமினன்ட் 310 என்று டச்சுக்காரர்கள் வீட்டுக்கூடத்தில் வைத்து வாசிக்கச் செய்த ஆர்கன். அந்த ஆர்கனின் தந்தி ஒலியை, கிட்டார்காரர்கள் காலால் மிதிக்கும் ஸ்மால் ஸ்டோன் என்ற சின்னப் பெட்டி வழியாக விட்டார். ஆல்பம் முழுக்க மிதக்கிறதே ஒரு மூட்டம், அது இந்த இரண்டும் சேர்ந்து செய்த வேலை. தாளத்துக்கு கோர்க் மினி பாப்ஸ் என்ற தாளப் பெட்டி. அதில் ரும்பா, வால்ட்ஸ் என்று ஒவ்வொரு தாளத்துக்கும் ஒரு பொத்தான், ஒன்றை அமுக்கினால் ஒரு தாளம். ழாருக்கு இரண்டு தாளம் கலந்து வேண்டியிருந்தது, அதனால் இரண்டு பொத்தானையும் அமுக்கி மேலே செலோ டேப் ஒட்டிவிட்டார். ஆல்பத்தின் நாலாம் பகுதியில் வரும் அந்தத் துள்ளலைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு அந்த டேப் துண்டுதான் ஞாபகம் வரும்.

ஆள் ஒன்றும் திடீரென்று முளைத்தவர் இல்லை. 1948இல் லியோனில் பிறந்தார். அப்பா மோரிஸ் ழார், 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வுக்கு இசையமைத்தவர். ஆனால் பையனுக்கு ஐந்து வயதாக இருக்கும்போதே அவர் அமெரிக்கா போய்விட்டார், வளர்த்தது அம்மாவும் அம்மாவின் பெற்றோரும். அப்பாவைப் பெற்ற தாத்தா ஓபோ என்ற குழல் வாசிப்பவர், பொறியாளரும்கூட, லியோன் வானொலிக்காக ஒலிகளைக் கலக்கும் மிக்ஸர் வடிவமைத்தவர். பேரனுக்கு முதல் டேப் ரெக்கார்டர் கொடுத்ததும் அவர்தான். (மிக்ஸரைத் தடவிப் பிழைக்கிறவன் என்பதால் எனக்கு அப்பாவைவிட இந்தத் தாத்தாவின் மேல்தான் பிரியம்.) அறுபதுகளின் கடைசியில் பாரிஸில் பியர் ஷேஃபரின் இசை ஆய்வுக் குழுவில் சேர்ந்தார். ஷேஃபர் யார் என்றால், 1948லேயே ரயில் இன்ஜின் சத்தத்தைப் பதிவு செய்து, துண்டு துண்டாகக் கோத்து, இதுவும் இசைதான் என்று சொன்ன மனிதர். பிளேடும் ஒட்டுநாடாவுமாக வேலை பழகும் இடம் அது. தவறாக வெட்டினால் வெட்டியதுதான். வெளியே வந்த பிறகு வயிற்றுப்பாட்டுக்குப் பாடகர் கிறிஸ்டோஃபுக்கெல்லாம் பாட்டு எழுதிக் கொடுத்திருக்கிறார்.

ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு போனபோது பல கம்பெனிகள் வேண்டாம் என்றன. பாடகர் இல்லை, வரி இல்லை, பாட்டுகளுக்குப் பெயர்கூட இல்லை, ஒன்று இரண்டு என்று எண்தான். யார் வாங்குவார்கள்? அட்டையில் வேறு பூமி தோலுரிந்து உள்ளே மண்டை ஓடு தெரிகிறது. வாயுவின் பெயரை வைத்து மண்டை ஓட்டை ஏன் போட்டாய் என்று அவர் அம்மாவே கேட்டாராம். கடைசியில் ஃபிரான்சிஸ் திரேஃபுஸ் என்பவரின் சின்ன நிறுவனம் வெளியிட்டது. ஒரு கோடிக்கும் மேல் விற்றது.

அதற்கப்புறம் எல்லாமே பெரிசு பெரிசாகப் போயிற்று. 1979இல் பாரிஸ் கான்கார்ட் சதுக்கத்தில் பத்து லட்சம் பேர், 1981இல் சீனா, 1997இல் மாஸ்கோவில் முப்பத்தைந்து லட்சம் பேர் என்கிறார்கள். லேசர், வாணவேடிக்கை, கட்டடத்தின் மேல் படம். உண்மையைச் சொன்னால் இவற்றின் வீடியோவை என்னால் பத்து நிமிடத்துக்கு மேல் பார்க்க முடிந்ததில்லை.

ஹூஸ்டன் மட்டும் வேறு. 1986 ஏப்ரலில் அங்கே நடக்கவிருந்த நிகழ்ச்சியை ஒட்டிய ஒரு மெட்டை, ரான் மெக்நேர் என்ற விண்வெளி வீரர் விண்கலத்தில் இருந்தபடியே சாக்ஸஃபோனில் வாசித்துப் பதிவு செய்வதாகத் திட்டம். ஜனவரி 28ஆம் தேதி சேலஞ்சர் கிளம்பிய 73ஆவது விநாடியில் சிதறியது. உள்ளே இருந்த ஏழு பேரில் அவரும் ஒருவர். நிறுத்திவிடலாம் என்றுதான் ழார் நினைத்தார். வேண்டாம், நடத்துங்கள் என்று விண்வெளி வீரர்களே சொன்ன பிறகு நடத்தினார். அந்த மெட்டை மேடையில் வாசித்தவர் கர்க் வேலம். நெடுஞ்சாலையில் போனவர்கள் காரை அங்கங்கே நிறுத்திவிட்டு இறங்கி நின்று கேட்டார்கள். என் வேலையில் ஒரு ஆள் வரவில்லை என்றால் அவர் பதிவு வரும்வரை செஷனைத் திறந்து வைத்துக் காத்திருப்பேன். இவர் யாருக்காகக் காத்திருப்பது?

1983இல் இன்னொன்று செய்தார். சூப்பர்மார்க்கெட்டைப் பற்றிய ஓவியக் கண்காட்சிக்காக ஓர் ஆல்பம். ஒரே ஒரு இசைத்தட்டுதான் அச்சிட்டார், மூலநாடாவையும் அச்சுத் தகட்டையும் அழித்துவிட்டார். தட்டு ஏலத்தில் 69,000 பிராங்குக்குப் போனது. லக்ஸம்பர்க் வானொலியில் ஒரே ஒருமுறை முழுதாக ஒலிபரப்பச் சொல்லி, என்னைத் திருடிக்கொள்ளுங்கள் என்று நேயர்களிடம் அவரே சொன்னார். இதைப் படித்த அன்று எனக்கு உடம்பு பதறியது. ஒரு ஹார்ட் டிஸ்க் செத்துப் போனதற்காகச் சாப்பிடாமல் கிடந்தவன் நான். அப்புறம்தான் தெரிந்தது, அந்த ஆல்பத்தின் சில துண்டுகள் அவருடைய பிற்கால ஆல்பங்களில் எட்டிப் பார்க்கின்றன என்று. சரி, மனுஷன்தானே.

முதல் 'ஆக்சிஜன்' வந்து நாற்பது வருடம் கழித்து, 2016இல் 'ஆக்சிஜன் 3' செய்தபோது தனக்குத் தானே ஆறு வாரக் கெடு வைத்துக்கொண்டார். எவ்வளவு டிராக் வேண்டுமானாலும் கிடைக்கும் காலத்தில் வேலியை அவரே போட்டுக்கொள்ள வேண்டியிருந்தது.

விளம்பரத்துக்கு வருவோம். அன்று ராத்திரி பதினொன்றரைக்கு மூன்று பேஸையும் மாற்றி மாற்றிக் கேட்டு, இரண்டாவதை நீக்கிவிட்டேன். டிரம்ஸ் இருபத்திரண்டு டிராக்கையும் ஒரே ஸ்டீரியோவாக இறக்கினேன். காலையில் மொத்தம் பதினோரு டிராக், அனுப்பியாயிற்று. எட்டுக்குக் கொண்டுவர முடியவில்லை, ஒத்துக்கொள்கிறேன். இரண்டு நாள் சத்தமில்லை. மூன்றாம் நாள் தம்பி போன் செய்தார்.

"அண்ணே, அந்த ரெண்டாவது பேஸ் மட்டும் தனியா கிடைக்குமா?"

கிடைத்தது. வெளி டிஸ்க்கில் ஒரு பிரதி போட்டு வைத்திருந்தேன்.