அவர் போட்ட வழக்கே எங்கள் ஆவணம்

ஜீவனாம்ச வழக்கில் பதிலுரை கைக்கு வந்ததும், திருமணத்தை ஒப்புக்கொண்டிருக்கிறார்களா என்றுதான் முதலில் பார்ப்பேன். ‘எனக்கு வருமானம் இல்லை’ என்பவரைச் சமாளித்துவிடலாம். 2020இல் வந்த ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்புக்குப் பிறகு இரு தரப்பும் சொத்து, வருமான விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்தாக வேண்டும். ‘மனுதாரர் என் மனைவியே அல்ல’ என்று எழுதி வந்தால்தான் வழக்கு இழுக்கும்.

எங்கள் ஊர் போன்ற சிறிய ஊர்களில் குடும்ப நீதிமன்றம் கிடையாது. ஜீவனாம்ச மனு குற்றவியல் நடுவரிடம் போகும். திருமணம் செல்லாது என்று அறிவிக்கக் கோரும் மனு சார்பு நீதிமன்றத்துக்குப் போகும். இந்தப் பிரிவினை கணவர் தரப்புக்கு வசதி. அங்கே ஒரு மனுவைப் போட்டுவிட்டு, இங்கே வந்து, ‘அந்த வழக்கு முடியட்டும் ஐயா, மனைவிதானா என்பது தெரிந்த பிறகு பணத்தைப் பற்றிப் பேசலாம்’ என்பார்கள். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் சார்பு நீதிமன்றத்தில் அந்த வழக்கு முடிவதற்குள் பிள்ளை இரண்டு வகுப்பு தாண்டியிருக்கும்.

நான் நடத்திவரும் வழக்கு ஒன்று. அந்தப் பெண்ணுக்கு முதலில் ஒரு திருமணம் நடந்து, சில மாதங்களிலேயே முறிந்திருந்தது. ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் முத்திரைத்தாளில் எழுதி, இருவரும் கையெழுத்துப் போட்டுப் பிரிந்துவிட்டார்கள். நம் கிராமங்களில் இன்றும் இதை முழு விவாகரத்து என்றே நம்புகிறார்கள். வழக்காற்று விவாகரத்தை இந்துத் திருமணச் சட்டம் ஏற்கிறது என்பது உண்மை. ஆனால் அந்தச் சமூகத்தில் அப்படி ஒரு வழக்கம் இருப்பதைச் சாட்சியத்தோடு நிரூபித்தாக வேண்டும். முத்திரைத்தாள் மட்டும் போதாது. இரண்டாவதாக அவரை மணந்தவருக்கு இந்தக் கதை முழுவதும் தெரியும். பெண் கேட்டு வந்தபோது அந்தத் தாளைக் கேட்டு வாங்கிப் படித்துப் பார்த்தவரே அவர்தான். பல ஆண்டுகள் கழித்து, ஒரு குழந்தையும் பிறந்த பிறகு, ‘முதல் கணவர் உயிரோடு இருக்கிறார், நீதிமன்ற விவாகரத்து இல்லை, ஆகவே என் திருமணம் செல்லாது’ என்று மனுப் போட்டார்.

நடுவர் நீதிமன்றத்தில் அவர் கொடுத்த பதிலுரையோ வேறு கதை சொன்னது: திருமணமே நடக்கவில்லை, தாலி கட்டவில்லை, வெறும் பழக்கம்தான். இரண்டு மனுக்களையும் வெவ்வேறு வழக்கறிஞர்கள் எழுதியிருந்தார்கள். சார்பு நீதிமன்ற மனுவிலோ திருமணம் நடந்த தேதி, கோயில், வந்திருந்த உறவினர்கள் எல்லாம் வரிசையாக இருந்தன. சான்றிட்ட நகல் எடுத்து நடுவர் முன் தாக்கல் செய்தேன். கல்யாணப் புகைப்படங்களை மஞ்சள் பையில் சுமந்துவந்திருந்த அந்தப் பெண், ‘இதெல்லாம் வேண்டாமாம்மா?’ என்று சற்று ஏமாற்றத்தோடுதான் கேட்டார்.

ஜீவனாம்ச மனுவில் திருமணத்தைக் கறாராக நிரூபிக்கத் தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 1999இல், துவாரிகா பிரசாத் சத்பதி வழக்கிலேயே சொல்லிவிட்டது. கணவன் மனைவியாக வாழ்ந்தார்கள் என்று மேலோட்டமாகத் தெரிந்தால் போதும். அந்த முடிவு திருமணத்தைப் பற்றிய இறுதித் தீர்ப்பும் ஆகாது. பிள்ளையின் பள்ளிச் சான்றிதழில் இருக்கும் தலைப்பெழுத்து, மருத்துவமனைப் படிவத்தில் ‘உறவு: கணவர்’ என்று போட்ட கையெழுத்து, குடும்ப அட்டை ஆகியவை இங்கே எடுபடும். குழந்தையைப் பொறுத்தவரை இந்தத் தகராறே பொருட்டல்ல. திருமணம் செல்லாமல் போனாலும் தகப்பன் கொடுத்தாக வேண்டும். அதனால்தான் தாயின் மனுவோடு குழந்தையின் பெயரையும் சேர்க்கச் சொல்வேன்.

1988இல் வந்த யமுனாபாய் தீர்ப்பு மறுபக்கம் நின்றது. முதல் மனைவி இருக்க, இரண்டாவதாக மணந்த பெண்ணுக்கு ஜீவனாம்சம் இல்லை என்றது. ஏமாற்றியவன் தப்பித்தான், ஏமாந்தவள் மாட்டிக்கொண்டாள். எனக்கு என்றும் ஒப்பாத தீர்ப்பு அது. முதல் திருமணத்தை மறைத்த ஆண் அதையே கேடயமாக்க முடியாது என்று 2013இல் பாதுஷா வழக்கில் நீதிமன்றம் இறங்கிவந்தது. எங்கள் வழக்குக்கு மிக நெருக்கமானது 2025 ஜனவரியில் வந்த உஷா ராணி தீர்ப்பு. முதல் திருமணம் சட்டப்படி முறியாத பெண்ணுக்கும், அதைத் தெரிந்தே மணந்த இரண்டாவது கணவர் ஜீவனாம்சம் தர வேண்டும் என்றது. அடுத்த மாதமே, சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு, செல்லாத திருமணமே என்றாலும் இந்துத் திருமணச் சட்டத்தின் 24, 25ஆம் பிரிவுகளின்படி ஜீவனாம்சம் கேட்கலாம் என்றது. கொடுப்பதா, மறுப்பதா என்பது நடத்தையையும் பார்த்து நீதிமன்றம் எடுக்கும் முடிவு.

ஆக, செல்லாது என்று வழக்குப் போட்டவர் தானே ஒரு புதுக் கதவைத் திறந்துவிட்டார். அவர் மனு நிலுவையில் இருக்கும்போதே, அதற்குள்ளேயே 24ஆம் பிரிவில் இடைக்கால ஜீவனாம்சமும் வழக்குச் செலவும் கேட்டோம்.

கணவர் தரப்பில் நின்று, திருமணம் செல்லாது என்ற இதே வாதத்தை நானும் வைத்திருக்கிறேன். முந்தைய திருமணத்தை அடியோடு மறைத்துவிட்டு வந்த பெண்ணின் வழக்கு அது. அங்கே அந்த வாதத்துக்கு உயிர் இருந்தது. கொடுத்த இடைக்காலத் தொகையைத் திரும்ப வாங்க முடியாது என்ற ஆண்களின் புலம்பலிலும் உண்மை உண்டு.

இந்த வழக்கில் நடுவர் தாய்க்கும் பிள்ளைக்கும் சேர்த்து இடைக்காலத் தொகை உத்தரவிட்டார். முதல் சில மாதம் வந்தது, பிறகு நின்றது. நிலுவையை வசூலிக்க ஓராண்டுக்குள் மனுப் போடாவிட்டால் பழைய மாதங்கள் கைவிட்டுப் போகும். சமாதானப் பேச்சு நடக்கிறது என்று காத்திருந்து பணத்தை இழந்தவர்கள் ஏராளம். நாங்கள் போட்டுவிட்டோம். சார்பு நீதிமன்றத்தில் அவர் இன்னும் கூண்டேறவில்லை, வாய்தாதான் வாங்கிக்கொண்டிருக்கிறார்.