சலவை அறையில் கிடைத்த ஆர்கன்

2009 ஜனவரியில் நியூயார்க் வந்து சேர்ந்தேன். கணவருக்குக் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் படிப்பு. எனக்கு அவரைச் சார்ந்த விசா, அதை வைத்துக்கொண்டு வேலைக்குப் போக முடியாது. 122ஆம் தெருவில் ஒற்றை அறை. ஜன்னலைத் திறந்தால் எதிர்க் கட்டடத்தின் செங்கல் சுவர். பகல் முழுக்க ரேடியேட்டர் போடும் டொக் டொக் சத்தம்தான் பேச்சுத் துணை.

குளிருக்கு ஒதுங்கத்தான் பக்கத்தில் இருந்த ரிவர்சைடு சர்ச்சுக்குள் நுழைந்தேன். ராக்ஃபெல்லர் பணத்தில் எழும்பி 1930இல் திறக்கப்பட்டது, கோபுரம் 392 அடி. உள்ளே யாரோ ஆர்கன் வாசித்துப் பழகிக்கொண்டிருந்தார்கள். பெரிய பெரிய குழாய்களில் காற்றை ஊதி ஒலிக்கும் கட்டை வாத்தியம் அது. ஆள் கண்ணில் படவில்லை. திடீரென்று பெஞ்சு நடுங்கியது. எங்கள் தெருவருகே சப்வே தரைக்கு மேலே வந்துவிடும், அதனால் ரயில் போகிறது என்று நினைத்தேன். ரயில் இல்லை, ஆர்கன்தான். 32 அடிக் குழாயின் கடைசிச் சுரம் நொடிக்குப் பதினாறு அதிர்வுதானாம். காதைவிட உடம்புதான் அதைப் பிடிக்கும்.

இந்தக் கதையை அடித்தளத்துச் சலவை அறையில் சொன்னபோது, மெஷினில் போட குவார்ட்டர் என்கிற 25 சென்ட் காசுகளை எண்ணிக்கொண்டிருந்த மேல்மாடி அம்மாள் எண்ணிக்கையை விட்டுவிட்டுச் சிரித்தார். “வர்ஜில் ஃபாக்ஸைக் கேட்டிருக்கிறாயா?”

அப்புறம் இரண்டு சுமை துணி காயும் வரை அதே பேச்சு. இல்லினாய் மாநிலத்துச் சிற்றூர்க்காரர் ஃபாக்ஸ். 1946 முதல் 1965 வரை ரிவர்சைடில் ஆர்கன் வாசித்தவர். அங்கிருந்து விலகியபின், 1970 டிசம்பரில் ஃபில்மோர் ஈஸ்ட் என்ற ராக் அரங்கில் ஏறினார். அங்கே ஏது குழாய் ஆர்கன்? ராட்ஜர்ஸ் கம்பெனியின் மின்னணு ஆர்கனை வைத்து, பின்னால் வண்ண ஒளி சுழல, முழுக்க முழுக்க பாக் என்ற பழைய ஜெர்மன் இசைமேதையின் உருப்படிகள். சிவப்புப் பட்டு உள்துணி வைத்த மேலங்கி, மின்னும் கற்கள் பதித்த ஷூ. ஆர்கனில் காலால் மிதிக்கும் கட்டைகளும் உண்டு, பாதி வேலை காலுக்குத்தான், அதனால் ஷூ மின்னியது வெறும் அலட்டல் இல்லை என்பது என் கட்சி. உருப்படிக்கு உருப்படி நடுவே நிறுத்தி, இதில் எதைக் கேட்க வேண்டும் என்று பேசவும் செய்வாராம். அப்போது கல்லூரி மாணவியான இந்த அம்மாள், பாக் யாரென்றே தெரியாமல் போனவர்.

சுத்த சங்கீதக்காரர்கள் கடுகடுத்தார்கள். எதிர் அணியின் பெரிய பெயர் இ. பவர் பிக்ஸ். பழைய பாணி ஆர்கன், பழைய பாணி வாசிப்பு என்று நின்றவர். அவர் இங்கிலாந்தில் பிறந்து 1930இல் அமெரிக்காவில் குடியேறியவர் என்று படித்தபோதுதான் எனக்குப் பொறி தட்டியது. மரபைக் காத்தவர் வந்தேறி, மீறியவர் உள்ளூர்க்காரர்! நான் வந்த வருடம் நியூஜெர்சியில் ஒரு வீட்டுக் கொலுவில் சினிமாப் பாட்டுப் பாடி, முறைப்பு வாங்கிக்கொண்டு சுண்டலோடு திரும்பியவள் நான். மாயவரத்தில் அதே பாட்டுக்கு இன்னொன்று பாடு என்றிருப்பார்கள். ஊரை விட்டு வந்தவர்களுக்குத்தான் ஊர் கெட்டிப்பட்டுப் போகிறது போல.

ஃபாக்ஸ் புற்றுநோயோடு 1979இல் ரிவர்சைடுக்குத் திரும்பி வந்து வாசித்தார். மறு வருடம் அக்டோபரில் இறந்துபோனார்.

இதையெல்லாம் அப்பாவிடம் ஃபோனில் சொன்னேன். எங்களுக்குத் திருவாவடுதுறை பக்கம்தான். குடுமியை எடுத்துக் கிராப் வைத்து, ஷெர்வானி போட்டுக்கொண்டு நாதஸ்வரம் வாசித்த ராஜரத்தினம் பிள்ளையின் கதைகளைக் கேட்டு வளர்ந்தவர் அவர். முழுக்கக் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

“ஏம்மா, அந்த ஷூவுல இருந்த கல்லு நெஜ வைரமா?”

“இல்லப்பா, கண்ணாடிக் கல்லுதான்.”

“சரி, அப்ப நம்ம ஆளுதான் ஒசத்தி.”