தகலாக் நான்காம் மாதம்: 'எந்த மீன்?'

பிலிப்பைன்ஸின் தகலாக் மொழியை நான்கு மாதமாகப் படிக்கிறேன். பெரிய காரணமெல்லாம் இல்லை. பக்கத்து மேசையில் வேலை பார்ப்பவர் பத்தாங்காஸ் மாகாணத்துக்காரர். அவர் போனில் அம்மாவிடம் பேசுவது தினமும் காதில் விழும். அவரை 'ஆத்தெ' என்று கூப்பிடுகிறேன். அக்கா என்று அர்த்தம்.

முதல் இரண்டு மாதம் ஆங்கில விளக்கத்தை நம்பி ஓட்டியது வீண். 'தாயோ', 'கமி' இரண்டுக்கும் அதில் ஒரே 'வீ'தான். வித்தியாசம் சொல்ல ஒரு பக்கம் தேவைப்பட்டது. நமக்கு நாம், நாங்கள், அவ்வளவுதான். 'உமுஉலான்' என்றால் மழை பெய்கிறது. கூட ஒரு 'டாவ்' சேர்த்தால் மழை பெய்கிறதாம். எதிர்பாராமல் ஒருவரைப் பார்த்து 'இகாவ் பலா!' என்றால், 'அட, நீதானா!'. மரியாதைக்குச் சேர்க்கும் சொல்தான் 'போ'. பெரியவர்களிடம் வாக்கியத்துக்கு வாக்கியம் 'போ' சொல்ல எனக்கு இன்னும் நாக்கு கூசுகிறது.

அர்த்தம் தெரிந்தும் சறுக்கிய இடம் உண்டு. மதியம் ஆத்தெ டப்பாவைத் திறந்து 'காயின் தாயோ!' என்றார். 'நாம் சாப்பிடலாம்.' தாயோ என்றதால் நானும் சேர்த்தி என்று இலக்கணம் பேசிக்கொண்டே உட்கார்ந்து பாதிச் சோற்றைக் காலி செய்துவிட்டேன். அது பெரும்பாலும் மரியாதைக்குச் சொல்வது, 'சலாமத் போ' என்று நன்றி சொல்லி நகர வேண்டும் என்பது பிறகுதான் தெரிந்தது. நம் ஊரிலும் வாசலில் நிற்பவரிடம் 'சாப்பிடுறீங்களா' என்று கேட்கிறோமே, அது அப்போது ஏனோ நினைவுக்கு வரவில்லை.

அப்புறம் கண்ணாடி டம்ளர். கை தவறி உடைந்ததை 'பினாசாக் கோ அங் பாசோ' என்று சொன்னேன். ஆத்தெ விழுந்து விழுந்து சிரித்தார். வேண்டுமென்றே உடைத்தேன் என்று ஆகிறதாம். 'நபாசாக் கோ' என்றால்தான் தெரியாமல் நடந்தது.

இப்போது மல்லுக்கட்டுவது வினைச்சொல்லோடு. 'புமிலி அகோ நங் இஸ்டா' என்றால் மீன் வாங்கினேன். 'பினிலி கோ அங் இஸ்டா' என்றால் மீனை வாங்கினேன். நாம் ஓர் 'ஐ' போட்டு முடிக்கிற வேலை இது. அவர்களோ வினையையே மாற்றி, 'அகோ'வைக் 'கோ'வாக்கி, மீனுக்கு முன்னால் 'அங்' வைக்கிறார்கள். ஆத்தெக்கு மீன் வாங்கிக் கொடுத்தேன் என்றால் 'பினில்ஹான்' என்று இன்னொரு வடிவம். எழுதும்போது சரியாக வருகிறது, பேசும்போது எல்லாம் குழம்புகிறது.

நேற்று மார்க்கெட் போய்வந்த கதையைப் பெருமையாக ஆரம்பித்தேன்: 'பினிலி கோ அங் இஸ்டா.'

ஆத்தெ நிமிர்ந்து பார்த்தார். 'அலிங் இஸ்டா?'

எந்த மீன்?