மச்சானுக்கு ஜாமீன் போட்டு சிட்டி சிவில் கோர்ட் வரைக்கும் போன கதை

2018ல என் மனைவியோட தம்பி அம்பத்தூர்ல லேத் பட்டறை போட 6 லட்சம் லோன் எடுத்தான், ஜாமீன் கையெழுத்து நான் போட்டேன். 2020 லாக்டவுன்ல ஆர்டர் நின்னு போச்சு, தவணையும் நின்னுச்சு. அடுத்த வருஷம் பேங்க்லேர்ந்து ஒருத்தர் வந்து "சும்மா ஒரு ஃபார்மாலிட்டி சார்"னு ஒரு பேப்பரை நீட்டினார், ரெண்டு பேரும் படிக்காமலேயே கையெழுத்து போட்டோம்.

2023ல சம்மன் வந்துச்சு. கோர்ட் அமீனா வந்தப்பல்லாம் அம்மா பயந்துபோய் நான் ஊர்ல இல்லன்னு சொல்லி அனுப்பிட்டாங்க. கடைசியா ஒருநாள் வேலை முடிஞ்சு வந்து பார்த்தா கேட்ல கோந்து தடவி ஒட்டிட்டு போயிருக்கார், பசை ஈரம் கூட காயல, என் பேரு 2வது பிரதிவாதின்னு இருந்துச்சு, தெருவே பார்த்திருக்கும். அப்படி ஒட்டிட்டா சம்மன் நம்ம கைக்கு வந்த மாதிரிதான், வாய்தா தேதில போகலன்னா எக்ஸ்பார்ட்டியா டிக்ரி ஆயிடும், அதாவது நாம இல்லாமலேயே நமக்கு எதிரா தீர்ப்பு வந்துடும், அதனால தயவுசெஞ்சு யாரும் சம்மனை வாங்காம ஒளியாதீங்க.

சென்னை பாரிஸ் கார்னர்ல ஹைகோர்ட் வளாகத்துக்குள்ளதான் சிட்டி சிவில் கோர்ட். பாக்கி 20 லட்சத்துக்கு கீழன்னா டிஆர்டிக்கு (பேங்க் கடன் வசூலுக்கான தனி தீர்ப்பாயம்) போகாது, இங்கதான் ஓஎஸ், அதாவது சிவில் வழக்கு போடுவாங்க. வக்காலத்து போட்டதும் வக்கீல் கட்டைப் புரட்டிப் பார்த்தார், கடைசி தவணை கட்டி 3 வருஷம் தாண்டிடுச்சே, டைம்பார், வழக்கு போடற கெடு முடிஞ்சுபோச்சுன்னு சொல்லலாமான்னு கேட்டேன். அவர் அந்த ஃபார்மாலிட்டி பேப்பரை எடுத்து காட்டினார், அதுதான் ரிவைவல் லெட்டர், கடன் பாக்கி இருக்குன்னு எழுத்துல ஒத்துக்கிட்டோம், அந்த தேதிலேர்ந்து மறுபடி 3 வருஷம் ஆரம்பிச்சிடுச்சு. முதல்ல அவன்கிட்ட வசூல் பண்ணட்டும், அப்புறம் என்கிட்ட வரட்டும்னு சொன்னேன், அதுவும் செல்லாதாம், காண்ட்ராக்ட் ஆக்ட் 128வது பிரிவுல கடன் வாங்கினவனுக்கு இருக்கற அதே பொறுப்பு ஜாமீன்தாரருக்கும் இருக்கு. எனக்கு அன்னைக்கு ராத்திரி தூக்கமே வரல. டிக்ரி ஆனா 12 வருஷத்துக்குள்ள எப்ப வேணா இபி (டிக்ரியை நிறைவேத்த சொல்லி போடற மனு) போட்டு சம்பளத்தை அட்டாச் பண்ணி பிடிக்கலாம், முதல் 1,000 ரூபாயும் மீதில மூணுல ரெண்டு பங்கும்தான் நமக்கு மிஞ்சும்.

நாலஞ்சு வாய்தா ஓடுச்சு. அப்புறம் பேசி சமரசம் பண்ற மக்கள் நீதிமன்றமான லோக் அதாலத்துக்கு அனுப்ப சொல்லி நாங்களே கேட்டோம். பேங்க் ஆபீசர் 5,40,000ல ஆரம்பிச்சார், பட்டறை போட்டோ, மச்சானோட மருத்துவ செலவு ரசீது எல்லாம் காட்டி பேசி 3,80,000க்கு வந்துச்சு, மூணு தவணை. அதாலத் அவார்டும் டிக்ரி மாதிரிதான், அப்பீல் கிடையாது, பேங்க்குக்கும் கட்டின கோர்ட் ஃபீஸ் திரும்ப கிடைக்கும், அதனால அவங்களும் இறங்கி வருவாங்க. தேதி தவறாம கட்டுங்கன்னு வக்கீல் மூணு தடவை சொன்னார். முதல் தவணைக்கு என் மனைவி வளையலை அடகு வச்சா, மீதி ரெண்டையும் மச்சான் சீட்டு எடுத்து கட்டினான்.

நோ டியூ சர்டிஃபிகேட் கைக்கு வந்துடுச்சு. ஆனா நம்ம கடன் வரலாறு வச்சிருக்கற சிபில்ல எனக்கும் செட்டில்டுன்னுதான் காட்டுது, க்ளோஸ்டுன்னு மாத்தணும்னா தள்ளுபடி பண்ண மீதி பணத்தையும் கட்டணும்னு பேங்க்ல சொல்றாங்க. பொண்ணு காலேஜ் போறதுக்குள்ள அதை முடிக்கணும்னு மாசம் 5,000 தனியா எடுத்து வச்சிட்டு வரேன்.