வெனிஸ் கெட்டோல ஒரு காலை

எல்லாரும் கோண்டோலா படகுல போட்டோ எடுத்துட்டு இருக்க, நாங்க மட்டும் ஒரு கைடு அம்மா பின்னாடி கெட்டோ, அதாவது அந்தக் காலத்துல யூதர்கள அடைச்சு வச்சிருந்த பகுதியோட சந்துக்குள்ள நடந்துட்டு இருந்தோம். கெட்டோங்கற வார்த்தையே இங்கதான் பொறந்துச்சாம், முன்னாடி உலோகம் உருக்குற பட்டறை இருந்த இடம், அதுக்கு வெனிஸ்காரங்க சொன்ன பேரு. 1516ல யூதர்கள் இந்தத் தீவுலதான் இருக்கணும்னு சட்டம் போட்டு ராத்திரி ஆனா வெளிக்கதவ பூட்டிருக்காங்க, அதுல கொடுமை என்னன்னா காவல்காரங்களுக்கு சம்பளமும் இவங்களே குடுக்கணும்! நுழையற இடத்துல கல்லுல ஒரு ஓட்டைய காட்டி, கதவோட கீல் இருந்த இடம்னு சொன்னாங்க, விரல விட்டுப் பாத்தேன், வழவழன்னு இருந்துச்சு.

பக்கத்துல விரிய இடமில்ல, அதனால மேல மேல மாடி எழுப்பி, ஜன்னலெல்லாம் ஒன்னுக்கு மேல ஒன்னு நெருக்கமா. வெளில நின்னு யூதர்களோட ஜெபக்கூடம் எங்கன்னு தேடினா தெரியவே தெரியாது, மேல்மாடில வரிசையா அஞ்சு ஜன்னல் இருந்தா அதான், அவங்க வேதத்துல இருக்கற மோசேயோட அஞ்சு நூலுக்கு அஞ்சாம். 1797ல நெப்போலியன் படை வந்தப்புறம்தான் கதவு போச்சு.

வீட்டுக்காரருக்கு மட்டும் கடைசி வரைக்கும் காபி கடை எங்கங்கறதுதான் கவலை.