வாதுநெறி நாட்குறிப்பு

ஜூன் 3, ஹட்டன் (இலங்கை மலையகம்)

எங்கள் கற்பனை உலகத்துக்கு ஒன்பதுநிரை என்று பேர் வைத்தாயிற்று. அங்குள்ள மலைச்சனம் கைக்கொள்ளும் நெறி வாதுநெறி. வாது என்றால் தேயிலைச் செடியின் கிளை. ஆளுக்குள்ளே ஒரு சொற்செடி இருக்கிறது, பேசப்பேச அது உயரும் என்பது அதன் அடிப்படை. வெட்டாமல் விட்டால் மரமாகிவிடும். கொழுந்து சொந்தக் கைக்கே எட்டாது. வாய் ஓயாது, பறிக்க ஒன்றும் இருக்காது.

இது எங்கிருந்து வந்தது என்று மலையகத்தாருக்குச் சொல்ல வேண்டியதில்லை. மூன்று முதல் ஐந்து வருடத்துக்கு ஒரு தடவை கவ்வாத்து, அதாவது செடியை வெட்டிக் குறைப்பது, விழுவதால்தான் தேயிலை இடுப்பளவில் நிற்கிறது. நெறியிலும் நான்காம் வருடம் 40 நாள் வாய்க்கவ்வாத்து: பேச்சை வெட்டி நிறுத்துவது.

ஜூன் 4

இதை மௌன விரதம் என்று எழுதவே கூடாது. விரதம் வேண்டுதலுக்கு. கவ்வாத்து அடுத்த கொழுந்துக்கு.

ஜூன் 7

இன்றைக்கு முழுக்க வேர்மாவு. நெறியின் உயிர் இங்கேதான்.

கவ்வாத்து முடிந்த செடியில் இலை இல்லை. இலை இல்லாமல் அது துளிர்ப்பது வேரில் சேர்த்துவைத்த மாச்சத்தால். அது குறைந்த செடியை வெட்டினால் வாது நுனியிலிருந்து காய்ந்துகொண்டே இறங்கும். சிலது அடியோடு பட்டுப்போகும். அதற்காகத்தான் வெட்டுக்கு முன்பு சில வாரம் பறிக்காமல் செடியை ஆறப்போடுவது. வேர்த்துண்டை நறுக்கி அயோடின் தடவிப் பார்த்தால், கருநீலம் ஏறினால் மாவு உண்டு. அயோடினின் மஞ்சள் மாறாமல் நின்றால் கத்தியை எடுக்கக்கூடாது.

நெறியில் அதற்கு ஈடு இப்படி. வெட்டுக்கு முந்திய ஆறு வாரம் பேரம், வழக்கு, வாக்குக்கொடுப்பு எதிலும் வாய் வைக்கக்கூடாது. பிறகு ஒரு விடிகாலை, வேர் பார்க்கும் மூத்தவர் ஆளை இஸ்தோப்பில் (வீட்டு முன்திண்ணையில்) உட்காரவைத்து விரல்நீளத் திரி ஒன்றைக் கொளுத்துவார். செத்துப்போன ஒருவரின் பேரைச் சொல்வார். திரி தீரும்வரை அந்த மனிதரைப் பற்றிப் பேச வேண்டும். கேட்ட கதை செல்லாது, கண்டது மட்டும்: எப்படிக் கூடை இறக்கினார், எந்தக் காலை ஊன்றி நடந்தார். நடுவில் வறண்டால் வேர் மஞ்சள்; அந்த வருடம் வெட்டு இல்லை.

முதல் வரைவில் இந்தச் சோதனையே கிடையாது, யார் வேண்டுமானாலும் வாய் மூடலாம். படித்துப் பார்த்தால் வெறும் அலங்காரமாக இருந்தது. இப்போது வெறும் வேரோடு வெட்டுக்குள் போனவருக்கு நுனிக்காய்ச்சல் வரும். முதலில் இடப்பெயர் மறக்கும், பிறகு ஆட்களின் பேர், கடைசியில் உறவுமுறை. சொந்த அம்மாயியைப் பார்த்து யார் வீட்டுக்கு வந்தீர்கள் என்று கேட்கும் அளவுக்கு இறங்கும். மருந்து கிடையாது, ஆறு வாரம் ஆறப்போடாததுதான் காரணம் என்று எல்லோருக்கும் தெரியும்.

ஜூன் 8

மூச்சுவாது. சில மலைகளில் செடிக்கு ஒன்றிரண்டு வாதை வெட்டாமல் விடுவார்கள். புதுத்துளிர் வரும்வரை அதிலுள்ள இலைதான் செடிக்குச் சோறு போடும். பிறகு அதையும் எடுத்துவிடுவது. நெறியில் ஒரே ஒருவரோடு பேசலாம். கட்டியவரோ பிள்ளையோ கூடாது, அவர்களிடம் பேச்சு பெருகிவிடும். பக்கத்துக் காம்பராக்காரர், அதாவது அடுத்த வீட்டறையில் இருப்பவர், போதும். 12ஆம் நாளோடு அதுவும் நிற்கும்.

ஜூன் 13

மழை. வெட்டின வாது ஒன்றைக் கிட்டத்தில் பார்த்தால் நெறியின் பாதி விளங்கும். வெட்டுவாய் சரிந்திருக்கிறது. பச்சைப் பட்டை விளிம்பு, உள்ளே வெளிர்மரம். துளி விழுகிறது, ஒரு கணம் தங்கி, சரிவில் வழிந்து போகிறது. தட்டையாக வெட்டினால் தண்ணீர் அங்கேயே நின்று அழுகல் இறங்கும். மழுங்கின கத்தியால் இழுத்தால் வாது பிளந்து பட்டை நாராகத் தொங்கும்.

ஆகவே வாய்க்கவ்வாத்தில் கடைசி வாக்கியம் சாய்வெட்டாக இருக்க வேண்டும். "நாளைக்கு அடுப்புக்கு மிலாறு…" என்று பாதியில் விடுவது. மிலாறு என்றால் வெட்டிப்போட்ட வாது. "போய்ட்டு வாரேன்" என்று முடித்தால் தட்டை வெட்டு. 40 நாளும் துக்கம் அதன்மேல் தேங்கும். கோபத்தில் விட்ட கடைசிச் சொல் பிளந்த வாது.

ஒன்று தீர்மானமாகச் சொல்லிவிடுகிறோம். கவ்வாத்துச் சாமியும் ரோதைமுனியும் தோட்டத்துச் சனம் கும்பிடும் தெய்வங்கள். பேரை மாற்றி அவர்களைக் கற்பனைக்குள் இறக்க மாட்டோம். ஒன்பதுநிரையில் பூசை இல்லை; நனைத்த கத்தியை வாசற்படியில் வைப்பதோடு சரி.

ஜூன் 19

காலம். வறட்சியில் வெட்டக்கூடாது. இலைநிழல் போன வாதில் நேர்வெயில் பட்டால் பட்டை வெந்து வெடிக்கும். அதற்குத்தான் வெட்டிய மிலாறையே செடிமேல் போர்த்துவது. நெறியில் மிலாறு போர்த்தல் என்றால், வாய் மூடினவர் முன்பு சொன்ன பேச்சை அயலார் அவர் வாசலில் வந்து சொல்வது. அவர் கேட்டுக்கொண்டிருப்பார், திருத்த முடியாது.

மலைநாட்டின் மேற்கே டிம்புள்ளைப் பக்கம் வெயில் தை மாசியை ஒட்டி. கிழக்கே ஊவாவில் கச்சான் காற்று அடித்துக் காய்வது ஜூலையிலிருந்து செப்டம்பர்வரை. ஆகவே ஒரே முகட்டின் இரண்டு பக்கத்துக்கும் ஒரே பஞ்சாங்கம் எழுத முடியாது. ஒன்பதுநிரையிலும் அப்படியே: இந்தப் பக்கம் வாய் மூடும்போது அந்தப் பக்கம் பேசும். கணவாய்ச் சந்தையில் பேரம் முழுக்க விரலால் நடப்பது இதனால்தான்.

ஜூன் 26

மட்டம். கவ்வாத்துக்குப் பிறகு வரும் முதல் துளிரை ஆசைப்பட்டுத் தாழக் கிள்ளினால் செடிக்கு இலையே மிஞ்சாது. குறித்த உயரத்துக்கு மேலே வந்ததை மட்டும் ஒரே மட்டமாக உடைக்க வேண்டும். அப்போதுதான் பக்கத்துளிர் விரிந்து பறிக்கிற பரப்பு அமையும்.

41ஆம் நாள் ஆள் பேசலாம், ஆனால் மூன்று சொல்லுக்குள். நான்காவது வந்தால் எதிரே நிற்பவர் கையை உயர்த்துவார். ஏழு நாளைக்கு ஒரு சொல் கூட்டலாம். பழைய சண்டையை எடுக்க மூன்று சொல் போதாது, தண்ணீர் கேட்கப் போதும். கையை உயர்த்துவது யார் வேலை என்று இன்னும் முடிவாகவில்லை. மூச்சுவாதாக இருந்தவருக்கே கொடுக்கலாம் என்று தோன்றுகிறது. 12 நாள் கேட்டவருக்கு அந்தக் குரலின் நீளம் தெரியும்.