தள்ளுபடியான வழக்கை மறுபடி கோப்புக்குக் கொண்டுவந்த அனுபவம்

வழக்கு தள்ளுபடி என்றதும் தோற்றுவிட்டோம் என்றுதான் எங்கள் வீட்டில் நினைத்தார்கள். அப்படி இல்லை, யார் பக்கம் நியாயம் என்று கோர்ட் பார்க்கவே இல்லை, கூப்பிட்டபோது நம் தரப்பில் ஆள் இல்லை என்பதற்காக முடித்து வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு கிரயம் எழுதித் தராதவர் மேல் அப்பா போட்ட வழக்கு இது. சாட்சி விசாரணை நேரத்தில் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்துவிட்டது. வக்கீலும் அந்தக் கோர்ட்டுக்குப் போவதை நிறுத்தியிருக்கிறார், எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. இ-கோர்ட்ஸ் செயலியில் சிஎன்ஆர் எண்ணை, அதாவது ஒவ்வொரு வழக்குக்கும் இருக்கும் தனி எண்ணைப் போட்டுப் பார்த்தபோதுதான் வழக்கு முடிந்து மாதக்கணக்காகிவிட்டது தெரிந்தது.

புதிதாக ஒரு வழக்குப் போட்டால் போச்சு என்றார்கள் சிலர். அன்றைக்கு இரண்டு தரப்பும் வராமல் இருந்திருந்தால், காலக்கெடு மிச்சமிருக்கும் பட்சத்தில் அது முடியும். எதிர்த்தரப்பு வந்து நாம் மட்டும் வராமல் போயிருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 9 விதி 9-ன்படி அதே காரணத்தை வைத்துப் புது வழக்குப் போட முடியாது. அதே வழக்கை மீட்க மனுப் போடுவதுதான் வழி. அதற்கான 30 நாள் கெடு, நமக்கு விஷயம் தெரிந்த நாளில் இருந்து ஓடுவதில்லை, தள்ளுபடியான நாளில் இருந்தே ஓடுகிறது.

கெடு தாண்டிவிட்டதால், காலவரையறைச் சட்டம் பிரிவு 5-ன்படி தாமதத்தை மன்னிக்கக் கேட்டு ஒரு மனு, வழக்கை மீட்க இன்னொரு மனு என்று இரண்டும் போட வேண்டியதாயிற்று. பழைய வக்கீலிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்கித்தான் புது வக்கீல் வக்காலத்துப் போட்டார். எல்லாவற்றையும் விட முக்கியம் அஃபிடவிட், அதாவது பிரமாணப் பத்திரம். உடம்பு சரியில்லை என்று ஒரே வரியில் எழுதினால் எடுபடாது. எப்போது ஆஸ்பத்திரியில் சேர்த்தோம், எப்போது வீட்டுக்கு வந்தார், தள்ளுபடி எப்போது தெரிந்தது என்று தேதிவாரியாக எழுதி, டிஸ்சார்ஜ் சம்மரியையும் வைத்தோம். அப்பாவால் கையெழுத்துப் போட முடியாததால், வாசித்துக் காட்டி ரேகை வாங்கியதாகக் குறிப்பும் சேர்த்தார்கள்.

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போய், அவர்கள் கவுண்டர் (எதிர்மனு) போட்டு ஒவ்வொரு நாளுக்கும் கணக்குக் கேட்டார்கள். எங்கள் வக்கீல் காட்டியது 1987-ல் உச்ச நீதிமன்றம் காதிஜி வழக்கில் சொன்னதை: தாமதத்துக்கான விளக்கத்தைப் பார்க்கும்போது நடைமுறை அறிவோடு பார்க்க வேண்டும், நாள் கணக்கைப் பிடித்துக்கொண்டு தொங்கக் கூடாது. காஸ்ட், அதாவது செலவுத் தொகை கட்டச் சொல்லி, தாமத மனுவைக் கோர்ட் அனுமதித்தது. இங்கேதான் பலர் மறுபடி மாட்டிக்கொள்கிறார்கள். குறித்த தேதிக்குள் காஸ்ட் கட்டவில்லை என்றால் அந்த அனுமதியும் போய்விடும் என்று உத்தரவிலேயே இருந்தது. உடனே கட்டி, ரசீதோடு மெமோ (கோர்ட்டுக்குத் தெரிவிக்கும் குறிப்பு) போட்டோம்.

அப்புறம் மீட்பு மனுவும் அனுமதியாகி, வழக்கு பழைய எண்ணிலேயே கோப்புக்கு வந்துவிட்டது. அப்பாவால் கூண்டில் ஏற முடியாது என்பதால், கோர்ட் நியமிக்கும் கமிஷனர் வீட்டுக்கே வந்து அவர் சாட்சியத்தைப் பதிவு செய்ய கட்டளை 26-ன்படி இப்போது மனுப் போட்டிருக்கிறோம்.